அகரம் படிக்கும் வயதில் அறம்: முதல் வாசிப்புப் புத்தகங்களைப் பயன்படுத்தும் முறை

தமிழில் எழுத்தும் அறமும் சேர்ந்தே கற்பிக்கப்பட்டு வந்தன. ஔவையாரின் ஆத்திசூடியில் அகரத்துக்கு ‘அறஞ்செய விரும்பு’, ஆகாரத்துக்கு ‘ஆறுவது சினம்’ என்று அறிவுரைகள் எழுத்து வரிசையிலேயே அடுக்கப்பட்டிருப்பதால், திண்ணைப் பள்ளியில் மணலில் விரல் வைத்து எழுதிய பிள்ளைக்கு எழுத்துப் பாடமும் ஒழுக்கப் பாடமும் தனித்தனியாக இருக்கவில்லை. 19ஆம் நூற்றாண்டில் யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் (1822–1879) உரைநடையில் பாலபாடங்களை எழுதியபோதும் இந்த ஏற்பாடு தொடர்ந்தது. இன்று ஒன்றாம் வகுப்புப் பிள்ளை இருக்கும் வீடுகளிலும், புத்தகக் கண்காட்சியில் இதே எண்ணத்தோடு வாங்கிய நீதிக்கதைத் தொகுப்பு ஒன்றாவது இருக்கும்.

வாங்கி வந்த பிறகு நடப்பதுதான் சிக்கல். குழந்தை எழுத்துக்கூட்டித் தட்டுத் தடுமாறிக் கதையைப் படித்து முடிக்கும். ‘இந்தக் கதையில என்ன தெரிஞ்சுக்கிட்டே?’ என்று நாம் கேட்போம். ‘பொய் சொல்லக் கூடாது’ என்று அது சொல்லும். நாமும் திருப்தியோடு புத்தகத்தை மூடுவோம். பதில் அவ்வளவு விரைவாக வந்துவிட்டதென்றால், குழந்தை கதையை நினைத்துப் பார்க்காமல் நம் முகத்தைப் பார்த்துப் பதில் சொல்லியிருக்கிறது என்றே பொருள். சில ஆண்டுகளாக மாலை நேரங்களில் ஒன்றாம், இரண்டாம் வகுப்புப் பிள்ளைகளோடு உட்கார்ந்து படித்து வருகிறேன். ஐந்து முதல் ஏழு வயது வரையிலான பிள்ளைகளை வைத்திருக்கும் பெற்றோருக்கும் ஆசிரியர்களுக்கும் பயன்படக்கூடும் என்று நான் நினைக்கும் நடைமுறைகளை இங்கே எழுதுகிறேன்.

ஒரே மூச்சில் இரண்டு வேலை வேண்டாம்

எழுத்துக்கூட்டும் வயதில் குழந்தையின் கவனம் முழுவதும் எழுத்திலேயே செலவாகிவிடும். ‘கொடுத்தான்’ என்ற ஒரு சொல்லைப் படிக்க, ஒற்றைக்கொம்பையும் துணைக்காலையும் சேர்த்துக் ‘கொ’ என்று ஒலிக்க வேண்டும், ‘டு’வைக் கடக்க வேண்டும், ‘த்’தின் புள்ளியைக் கவனிக்க வேண்டும், ‘தா’வை நீட்ட வேண்டும், இவ்வளவும் முடித்து ‘ன்’னுக்கு வந்து சேர்வதற்குள் யார், யாருக்கு, எதைக் கொடுத்தான் என்பது மறந்துபோயிருக்கும். அந்த நிலையில் இருக்கும் பிள்ளையிடம் ‘அவன் கொடுத்தது நல்ல செயலா?’ என்று கேட்டால் அது எங்கிருந்து பதில் சொல்லும்?

ஆகவே ஒரு சிறு புத்தகத்துக்கு மூன்று நாட்களை ஒதுக்குங்கள். முதல் நாள் நீங்கள் வரிகளுக்கு அடியில் விரலை நகர்த்தியபடி படித்துக் காட்டுங்கள். கேள்வி எதுவும் வேண்டாம். இரண்டாம் நாள் குழந்தை படிக்கட்டும். கதை முன்பே தெரிந்திருப்பதால் அதன் உழைப்பு எழுத்தோடு நின்றுவிடும். திருத்தங்கள் அனைத்தையும் இந்த நாளிலேயே வைத்துக்கொள்ளுங்கள். மூன்றாம் நாள் மீண்டும் படிக்கச் சொல்லி, அதன் பிறகு பேசுங்கள். மூன்றாம் நாளில் எழுத்துப் பிழைக்காக நிறுத்தவே நிறுத்தாதீர்கள். புத்தகத்தில் ‘வந்தது’ என்று இருக்க, குழந்தை ‘வந்துச்சு’ என்று படித்தால் அதைப் பிழையாகக் கொள்ள வேண்டியதில்லை. பொருள் விளங்கிவிட்டது என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடைக்காது.

பேசும்போது புத்தகத் தமிழை ஒதுக்கிவைத்துவிடுங்கள். ‘நேர்மை’, ‘பகிர்தல்’, ‘கருணை’ முதலிய சொற்கள் ஆறு வயதுப் பிள்ளைக்கு வகுப்பறையின் சொற்கள். ‘பங்கு போடுறது’, ‘ஏமாத்துறது’, ‘பாவம்’ ஆகியவைதாம் அதன் சொந்தச் சொற்கள். அறத்தைப் பற்றிக் குழந்தை உண்மையாகச் சண்டையிடுவதும் அழுவதும் வீட்டு மொழியில்தானே.

புத்தகத்தைத் தேர்ந்தெடுத்தல்

தமிழின் 247 எழுத்துகளையும் முடித்த பிறகுதான் கதைப் புத்தகத்தைத் தொட வேண்டும் என்று காத்திருக்க வேண்டியதில்லை. பக்கத்துக்கு ஓரிரு வாக்கியங்கள், வாக்கியத்துக்கு மூன்று நான்கு சொற்கள், அவற்றிலும் திரும்பத் திரும்ப வரும் சொற்கள் என்று அமைந்த புத்தகங்கள் போதும். தமிழ்நாட்டு அரசுப் பள்ளிகளில் வாசிப்பு இயக்கத்துக்காக அச்சிடப்பட்ட சிறு நூல்கள் நுழை, நட, ஓடு, பற என்று படிநிலை பிரிக்கப்பட்டிருக்கின்றன. பிரதம் புக்ஸ் நிறுவனம் 2015இல் தொடங்கிய ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ்க் கதைகளை இலவசமாகவே இறக்கிக்கொள்ளலாம். அங்கே முதல் நிலைக் கதைகள் 250 சொற்களுக்குள் முடிந்துவிடும். ஒரு பக்கத்தில் நான்கைந்து சொற்களுக்கு மேல் குழந்தை தடுக்கி விழுந்தால், அது நாம் படித்துக்காட்ட வேண்டிய புத்தகம் என்று வைத்துக்கொண்டு வேறொன்றைக் கொடுங்கள்.

எழுத்தின் அளவைப் பார்த்த பிறகு, கதைக்குள் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள். பஞ்சதந்திரத்தில் வளர்ந்த நமக்கு விலங்குகள் பேசினால்தான் அது நீதிக்கதை. ஆனால் டொரன்டோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2017இல் வெளியிட்ட ஓர் ஆய்வில், பகிர்ந்து கொடுப்பதைப் பற்றிய ஒரே கதையை நான்கு முதல் ஆறு வயதுப் பிள்ளைகளில் சிலருக்கு மனிதப் பாத்திரங்களோடும் வேறு சிலருக்கு ஆடையணிந்த விலங்குகளோடும் படித்துக்காட்டினார்கள். அதன் பின் மற்றப் பிள்ளைகளுக்காகத் தங்கள் ஸ்டிக்கர்களில் கூடுதலாக எடுத்துக் கொடுத்தவர்கள் மனிதக் கதையைக் கேட்டவர்களே. நரியும் முயலும் பிள்ளைகளுக்குப் பிடிக்கும், எனக்கும் பிடிக்கும். அவற்றைத் தூக்கியெறியச் சொல்லவில்லை. நாளைக்கு வகுப்பில் பென்சிலைக் கடன் கொடுக்க வேண்டும் என்பது நோக்கமானால், வகுப்பறையும் பென்சிலும் வரும் கதை கூடுதலாக உதவும் என்பதே என் கணிப்பு.

கதையின் முடிவையும் கவனியுங்கள். 2014இல் வெளியான மற்றோர் ஆய்வில், மூன்று முதல் ஏழு வயதுப் பிள்ளைகளைத் தனியே விட்டு, முதுகுக்குப் பின்னால் இருக்கும் பொம்மையைத் திரும்பிப் பார்க்கக் கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். பிறகு வந்து ஆளுக்கொரு கதையைப் படித்துக்காட்டி, ‘பார்த்தாயா?’ என்று கேட்டார்கள். நம் ஊரில் ‘புலி வருது’ என்று சொல்லும் கதையின் மேலைநாட்டு வடிவத்தைக் கேட்டவர்களிடமும், பொய் சொன்னால் மூக்கு நீளும் பொம்மையின் கதையைக் கேட்டவர்களிடமும் எந்த மாற்றமும் தெரியவில்லை. மரத்தை வெட்டியது தானே என்று ஒப்புக்கொண்ட சிறுவனைத் தந்தை பாராட்டும் கதையைக் கேட்டவர்கள் மட்டும் கூடுதலாக உண்மையைச் சொன்னார்கள். பொய் சொன்னவனைப் புலி தின்றது என்று முடியும் கதையால் பிள்ளைக்குப் புலியிடம் அச்சம் வரலாம்; உண்மையைச் சொல்லத் துணிவு வருவதற்கு, சொன்ன பிறகு என்ன ஆகும் என்பதை அது பார்த்திருக்க வேண்டும்.

‘நீதி’ என்ற கடைசி வரியை மூடிவிடுங்கள்

நீதிக்கதைத் தொகுப்புகளில் கதை முடிந்ததும் தடித்த எழுத்தில் ‘நீதி:’ என்று ஒரு வரி இருக்கும். அதன்மேல் ஒரு காகிதத் துண்டை ஒட்டிவிட்டுப் புத்தகத்தைக் கொடுங்கள். இவ்வழிமுறைகளில் ஒன்றை மட்டுமே கடைப்பிடிக்க முடியும் என்றால் இதைத்தான் பரிந்துரைப்பேன்.

இதை எனக்குக் கற்றுக்கொடுத்தது பாட்டி வடை சுட்ட கதைதான். என்னிடம் படிக்க வரும் ஒரு சிறுமி, ஆறு வயதுதான் இருக்கும், அந்தக் கதையை விரல் வைத்துப் படித்து முடித்தாள். கடைசி வரியில் ‘முகஸ்துதிக்கு மயங்காதே’ என்று அச்சிட்டிருந்தது. ‘முக’ வரைக்கும் வந்து, ‘ஸ்து’வில் நின்றுவிட்டு, என்னை நிமிர்ந்து பார்த்து, ‘அப்ப பாட்டிக்கு வடைக் காசு யாரு குடுப்பா?’ என்று கேட்டாள். காக்கை ஏமாந்ததைப் பற்றி அவளுக்குக் கவலையே இல்லை. அவளுடைய வீட்டிலும் மாலையில் அடுப்பு வைத்து வடை போட்டு விற்கிறார்கள்.

அன்று அந்த ஒரு கேள்வி அரை மணி நேரம் ஓடியது. நரிதான் காசு கொடுக்க வேண்டும், அதுதானே தின்றது என்றான் ஒருவன். எடுத்தது காக்கை, ஆகவே காக்கைதான் கொடுக்க வேண்டும் என்றாள் இன்னொருத்தி. காக்கைக்குப் பசி, பாட்டியிடம் கேட்டிருந்தால் பிய்ந்த வடையைக் கொடுத்திருப்பாள் என்று மூன்றாவது பிள்ளை சொன்னது. திருட்டு, பசி, கேட்டுப் பெறுவது, ஏமாற்றி வாங்கிய பொருள் யாருக்குச் சொந்தம் என்று அறநூல்கள் விவாதிக்கும் விஷயங்கள் எல்லாம் ஒரு வடையைச் சுற்றி வந்துவிட்டன. அந்தக் கடைசி வரியை நான் முதலிலேயே விளக்கியிருந்தால் இவற்றில் எதுவும் வந்திருக்காது.

என்ன கேட்பது, எப்படிக் கேட்பது

‘இது சரியா, தப்பா?’ என்ற கேள்வியை ஒதுக்குங்கள். அதற்கு இரண்டே பதில்கள்தாம் உண்டு, எந்தப் பதிலை நாம் எதிர்பார்க்கிறோம் என்பதும் நம் குரலிலேயே தெரிந்துவிடும். ‘அவன் ஏன் அப்படிச் செஞ்சான்?’, ‘அப்ப அவளுக்கு எப்படி இருந்திருக்கும்?’, ‘நீ அங்க இருந்தா யார் பக்கத்துல போய் நின்னிருப்பே?’ என்பவை பிள்ளையைக் கதைக்குள் அனுப்பும் கேள்விகள். கேட்ட பிறகு மனத்துக்குள் பத்து வரை எண்ணுங்கள். அமைதியைத் தாங்க முடியாமல் நாமே பதிலைச் சொல்லிவிடுவதுதான் பெரியவர்களிடம் நான் அதிகம் காணும் குறை; என்னிடமும் அது இன்னும் முழுதாகப் போகவில்லை.

இந்த வயதுப் பிள்ளைகள் நம்மைப் போல் எடைபோடுவதில்லை என்பதையும் நினைவில் கொள்ளுங்கள். சுவிட்சர்லாந்து உளவியலாளர் ழான் பியாஜே 1932இல் வெளியிட்ட நூலில் புகழ்பெற்ற ஒரு சோதனை இருக்கிறது. ஒரு சிறுவன் அறியாமல் கதவைத் தள்ளி, அதன் பின்னால் இருந்த 15 கோப்பைகளை உடைத்துவிடுகிறான். இன்னொருவன் அம்மா இல்லாத நேரத்தில் ஜாமைத் திருடித் தின்னப் போய் ஒரே ஒரு கோப்பையை உடைக்கிறான். சிறு பிள்ளைகளில் பலர், 15 கோப்பைகளை உடைத்தவனே பெரிய குற்றவாளி என்றார்கள். எவர்சில்வர் டம்ளர் உடையாது என்பதால் நான் இதைக் கண்ணாடி டம்ளராகவும், ஜாமை முறுக்கு டப்பாவாகவும் மாற்றிச் சொல்வதுண்டு. இங்கும் ஐந்து வயதினரிடமிருந்து பெரும்பாலும் அதே தீர்ப்பே வருகிறது. அப்படி வந்தால் மறுக்காதீர்கள். ‘அவன் வேணும்னே உடைச்சானா?’ என்று ஒரு கேள்வியைப் போட்டுவிட்டு அன்றைக்கு விட்டுவிடுங்கள். சில மாதங்கள் கழித்து அதே கதைக்குத் திரும்பும்போது பதில் மாறியிருப்பதைக் காணலாம்.

ஆத்திசூடியை வாசிப்புப் புத்தகமாக்குதல்

ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்கு ஆத்திசூடியைவிடச் சிறிய வாக்கியங்கள் கிடைப்பது அரிது. பெரும்பாலும் இரண்டு மூன்று சொற்களில் வரி முடிந்துவிடுகிறது. மாறுவேடப் போட்டியில் ஔவைப் பாட்டியாக நின்று ஒரே மூச்சில் ஒப்பிப்பதற்காகவே அதைப் பயன்படுத்துவதுதான் வீண். வாரத்துக்கு ஒரு வரியை அட்டையில் எழுதிக் குழந்தையின் கண்ணுக்கு எட்டும் உயரத்தில் ஒட்டுங்கள். ‘இகழேல்’, ‘சொல்லேல்’, ‘மறவேல்’ என்று வரும் இடங்களில் அந்த ‘ஏல்’ என்பது ‘செய்யாதே’ என்பதன் பழைய வடிவம் என்று ஒரு தடவை சொல்லிக்கொடுத்துவிட்டால், ‘நன்றி மறவேல்’ என்பதைப் பிள்ளை தானாகவே ‘நன்றியை மறக்காதே’ என்று மாற்றிக்கொள்ளும். ‘கண்டொன்று சொல்லேல்’ என்ற வரிக்கு விளையாட்டே இருக்கிறது: ஒரு படத்தைப் பார்த்துவிட்டு ஒருவர் அதில் இல்லாத ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும், மற்றவர்கள் கண்டுபிடிக்க வேண்டும். ‘ஙப் போல் வளை’ என்ற வரியை மட்டும் யாரும் எளிதில் விளக்கிவிட முடியாது. தன் இன எழுத்துகளைத் தாங்கி நிற்கும் ங போல நீயும் உன் சுற்றத்தைத் தாங்கு என்று பழைய உரை சொல்கிறது. எழுத்தையே உவமையாக்கும் அந்தக் குறும்பைப் பெரியவர்கள் ரசித்துக்கொள்ளலாம், பிள்ளைக்கு ங என்ற எழுத்து மனத்தில் பதிந்தாலே போதும்.

எல்லா வரிகளும் எல்லாக் குழந்தைகளுக்கும் உரியவை அல்ல. ‘தையல் சொல் கேளேல்’ என்பதை அம்மாவிடமும் ஆசிரியையிடமும் பாடம் கற்கும் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்க நான் தயாராக இல்லை. ‘ஏற்பது இகழ்ச்சி’ என்ற வரியில் இன்னும் கவனம் தேவை. 2022இல் தொடங்கிய காலை உணவுத் திட்டத்தில் பள்ளியில் பொங்கலோ உப்புமாவோ சாப்பிட்டுவிட்டு வகுப்பில் உட்காரும் பிள்ளை அந்த வரியைப் படித்தால், தான் சாப்பிட்டது இழிவு என்று எடுத்துக்கொள்ள இடமுண்டு. அதை விட்டுவிட்டு ‘ஐயம் இட்டு உண்’ என்பதற்குப் போங்கள். அதில் குழந்தை கொடுப்பவராக நிற்கிறது.

ஏழு வயதைத் தாண்டிய பிள்ளைகளுக்குப் பாரதியின் புதிய ஆத்திசூடியையும் பக்கத்தில் வையுங்கள். ஔவை ‘ஆறுவது சினம்’ என்கிறார். பாரதி ‘ரௌத்திரம் பழகு’ என்கிறார். கோபத்தை அடக்க வேண்டுமா, பழக வேண்டுமா? எப்போது எது என்று பிள்ளைகளையே முடிவுசெய்யச் சொல்லிப் பாருங்கள். ‘தம்பி என் பென்சிலை எடுத்தா ஔவை, பெரிய பையன் தம்பியை அடிச்சா பாரதி’ என்று ஒரு சிறுவன் பிரித்துக்கொடுத்தான். அதைவிட நல்ல உரையை நான் எழுதிவிட முடியாது.

கதையைப் பிரம்பாக்காதீர்கள்

குழந்தை தவறு செய்த நேரத்தில் ‘அன்னைக்குப் படிச்சியே, மறந்துபோச்சா?’ என்று கேட்பது எல்லோருக்கும் நாக்கு நுனியில் இருக்கும் வாக்கியம். இரண்டு முறை அப்படிக் கேட்டால், அந்தப் புத்தகத்தைக் குழந்தை மூன்றாவது முறை கையால் தொடாது. அறமும் போகும், வாசிப்பும் போகும். நேற்று நடந்த குற்றத்துக்கு இன்றைக்கே பொருத்தமான கதையைத் தேடிக் கொண்டுவருவதும் இதே வகைதான். இரண்டு வாரம் பொறுத்துக் கொடுங்கள்.

சொந்தப் புத்தகம் ஒன்று

பொருத்தமான புத்தகம் அமையாவிட்டால் நாமே செய்துகொள்ளலாம். ஏ4 தாளை இரண்டு முறை மடித்து, நடுவில் ஸ்டேப்ளர் அடித்து, ஓரத்தை வெட்டினால் எட்டுப் பக்கங்கள் கிடைக்கும். என் பிள்ளைகளுக்காக நான் எழுதியது இது, பக்கத்துக்கு ஒரு வரி:

மலர் பந்து வீசினாள்.
பந்து பானை மேல் பட்டது.
பானை உடைந்தது.
மலர் கதவின் பின் நின்றாள்.
அம்மா வந்தார். பானையைப் பார்த்தார்.
“நான்தான் அம்மா.”
அம்மா துடைப்பம் எடுத்தார். மலர் முறம் எடுத்தாள்.

பந்து, பானை, பட்டது, பார்த்தார் என்று பகர வரிசை திரும்பத் திரும்ப வருவதால் படிப்பது எளிது. ‘துடைப்பம்’ கொஞ்சம் கடினம். தென்மாவட்டங்களில் ‘விளக்குமாறு’ என்று மாற்றினால் இன்னும் நீண்டுவிடும், ஆனால் பிள்ளைக்குப் பழகிய சொல் எதுவோ அதையே எழுதுங்கள். ‘உண்மை’ என்ற சொல் எங்கும் இல்லை என்பதைக் கவனித்திருப்பீர்கள். மலர் கதவுக்குப் பின்னால் நிற்கும் நான்காம் பக்கத்தில்தான் கதை முழுவதும் இருக்கிறது. படிக்கும்போது அங்கே சற்று நில்லுங்கள்.

எட்டாம் பக்கத்தை வெறுமையாக விட்டு, அடுத்து என்ன நடந்தது என்று வரையச் சொல்லுங்கள். சென்ற முறை ஒரு சிறுமி, உடைந்த பானையின் அடிப்பாகத்தில் செடி வைத்திருந்தாள். இன்னொருத்தி புதுப் பானையும், அதைச் சுற்றிப் பந்து வராமல் ஒரு வேலியும் வரைந்தாள். ஒரு பையனின் படத்தில் அம்மா கையை ஓங்கியபடி நிற்க, மலர் மீண்டும் கதவுக்குப் பின்னால் இருந்தாள். அதைத் திருத்தச் சொல்லவில்லை. மாலையில் அவனை அழைத்துப்போக வந்த அவன் அம்மாவிடம் புத்தகத்தைக் கொடுத்து, இன்று இரவு பிள்ளை படிப்பான், நீங்கள் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள், கடைசிப் பக்கம் வரைக்கும் என்று சொல்லி அனுப்பினேன்.